இருபத்துமூன்று லொறிகளும் ஒரு புதுப் போனும்

எனக்கு இருபத்தாறு லொறிகள் இருக்கின்றன என்று சொன்னால் மருதனார்மடச் சந்தியில் சிரிப்பார்கள். அவர்களுக்குத் தெரிந்தது மூன்று. அந்த மூன்றும் எங்கள் வளவில் நிற்கின்றன. மூத்த மகன் பார்க்கிறான். சந்தையில் மரக்கறி ஏற்றித் தம்புள்ளைக்குப் போய் வருகின்றன. மற்ற இருபத்துமூன்றும் என் போனுக்குள் நிற்பவை. வெளியே நிற்பதையும் உள்ளே நிற்பதையும் உழைத்தவன் ஒரே ஆள்தான், நாலாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன். நான் எழுத்துக் கூட்டப் பழகியதே முன்னால் போகிற வண்டிகளின் பின்பலகையில் எழுதியிருப்பதைப் பார்த்துத்தான். இதை எழுதும்போதும் ஒவ்வொரு சொல்லையும் வாய்க்குள் சொல்லிப் பார்த்துத்தான் எழுதுகிறேன். பிழை இருந்தால் மனைவி திருத்துவாள். அவள் உடுவிலில் பத்தாம் வகுப்பு வரை படித்தவள். நாற்பது வருடத்துக்கு மேலாக என்னைத் திருத்துகிறாள், அதோடு இதையும் திருத்தட்டும்.

நான் லொறி ஓட்டுவதை விட்டது வயதுக்குப் பயந்து என்று யாரும் நினைக்க வேண்டாம். இடது முழங்கால்தான் காரணம். ஒரு நாள் முறிகண்டியில் வண்டியை நிறுத்திப் பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்துவிட்டுத் திரும்ப ஏறப் போனால், கால் மடங்க மாட்டேன் என்றது. கிளீனர் கீழிருந்து தள்ளி ஏற்றினான். தள்ளியதோடு விட்டிருக்கலாம். வீட்டுக்கு வந்ததும் மகனிடம் சொல்லியும் போட்டான். அடுத்த நாள் காலையில் பார்க்கிறேன், சாவிகள் மாட்டுகிற ஆணியில் லொறித் திறப்பு இல்லை. அலுமாரியில் இல்லை. சாமியறையில்கூடத் தேடினேன்.

வீட்டில் சும்மா இருக்கப் பழகாத மனிதன் நான். குசினிக்குள் போய் நின்று, பானையை இந்தப் பக்கம் வைத்தால் வசதி, விறகை அந்தப் பக்கம் அடுக்கினால் இடம் மிஞ்சும் என்று மனைவிக்குப் புத்தி சொன்னேன். மூன்றாம் நாள் அவள் அகப்பையை என் கையில் தந்துவிட்டு வெளியே போய்விட்டாள்.

அந்த நாட்களில்தான் ஒரு ரயர் கடையில், ரயர் மாற்றும் வரைக்கும் காத்திருந்த ஒருவர் தன் போனில் லொறி ஓட்டுவதைக் கண்டேன். தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்தேன். நல்ல பெரிய வண்டி. பனி கொட்டுகிற தெரு. மனிதர் வளைவில் வேகத்தைக் குறைக்காமல் திருப்பிக் குடைசாய்த்தார். எனக்குப் பொறுக்கவில்லை. "தம்பி, உந்த வளைவை உப்பிடி எடுக்கப்படாது. இஞ்சை தாரும்" என்று வாங்கினேன். ஓட்டிப் பார்த்தேன். கிளச் இல்லை! கிளச் இல்லாத லொறி. என் இடது கால் நீட்டியபடி கிடந்தது, லொறி பாட்டுக்குப் போனது.

அன்றைக்கே சந்தியில் உள்ள கொமினிகேசனுக்குப் போனேன். போட்டோக் கொப்பி எடுப்பது, போனுக்குக் காசு போடுவது, வெளிநாட்டு விண்ணப்பப் பாரங்கள் நிரப்புவது எல்லாம் அங்கேதான். அதை நடத்துகிற பெண்ணுக்கு ஐம்பது வயது இருக்கும். எனக்குப் பிள்ளைதான்.

"பிள்ளை, உந்த லொறி ஓடுற விளையாட்டு ஒண்டு இருக்காம். அதைப் போட்டுத் தா."

"ஆருக்கு அண்ணை?"

"பேரனுக்கு."

"பேரன் ஜேர்மனியிலை எல்லோ? உங்கடை போனிலை போட்டா அவன் என்னெண்டு விளையாடுவான்?"

"வந்தால் விளையாடுவான். நீ போடு."

அவள் சிரிப்பை அடக்கிக்கொண்டு போட்டுத் தந்தாள். முதலில் இலவசமாக வந்தது. ஆனால் நான் வண்டியைப் பின்னுக்கு எடுக்கிற நேரம் பார்த்து ஒரு விளம்பரப் பெண் குறுக்கே வந்து சவர்க்காரம் காட்டுவாள். அவள் போனபிறகு பார்த்தால் வண்டி மதிலில் மோதி நிற்கும். ஒரு கிழமை பொறுத்தேன். திரும்பப் போய், காசு கட்டி முழுதாக வாங்கித் தரச் சொன்னேன். கடைக்காரப் பிள்ளை தன் அட்டையில் கட்டினாள், நான் அவள் கையில் காசைக் கொடுத்தேன். இரண்டு வருடத்துக்குப் பிறகு பதினாறு சில்லு உள்ள ஒரு பெரிய லொறியையும் அப்படியே வாங்கினேன். அதுதான் காசு கொடுத்து வாங்கியது. மற்ற இருபத்திரண்டும் ஓடி உழைத்தவை. அதை நான் எவருக்கும் அழுத்திச் சொல்வேன். ஒரு லொறியில் தொடங்கி, லோட் ஏற்றி, இறக்கி, மிச்சம் பிடித்து அடுத்ததை வாங்கி, ஓட்டுநர்களைச் சம்பளத்துக்கு வைத்து, சரியாக ஓட்டாதவனை அனுப்பி, நாலு வருடத்தில் இருபத்துமூன்று. படித்தவர்கள் எத்தனை பேர் அந்த விளையாட்டில் மூன்றாவது லொறியைத் தாண்டாமல் நிற்கிறார்கள் என்று எனக்குத் தெரியும். மகனே ஐந்தில் நின்று விட்டவன்.

இந்த வருடம் மகள் ஜேர்மனியில் இருந்து விடுமுறைக்கு வந்தாள். எனக்கு ஒரு ஐபோன் கொண்டு வந்திருந்தாள். அங்கே அவர்கள் எல்லோரிடமும் அதுதானாம், அதில் முகம் பார்த்துக் கதைத்தால் தெளிவாக இருக்குமாம். வந்த நாளில் இருந்து மாற்றுவோம் மாற்றுவோம் என்று நின்றாள். நான் சாட்டுச் சொல்லிக்கொண்டு திரிந்தேன். லொறிக்காரர் எல்லோரிடமும் பழைய போன்தான் பழக்கம் என்றேன். சின்ன எழுத்துக் கண்ணுக்குத் தெரியாது என்றேன். உண்மையைச் சொல்ல வெட்கமாக இருந்தது. எழுபது வயதுக்காரன் விளையாட்டு லொறிக்காகப் போன் மாற்றப் பயப்படுகிறான் என்று மகளிடம் எப்படிச் சொல்வது?

சனிக்கிழமை காலை ஆஞ்சநேயர் கோயிலுக்குப் போனேன். போனை மேசையில் சார்ஜில் போட்டுவிட்டுப் போனதுதான் நான் விட்ட பிழை. திரும்பி வந்து படலையைத் திறக்கும்போதே மனைவியும் மகளும் வாசலில் சிரித்தபடி நின்றார்கள்.

"அப்பா, இஞ்சை இருங்கோ. உங்களுக்கு ஒரு சாமான்."

மேசையில் புதுப் போன் இருந்தது. மனைவி அதற்குச் சந்தனப் பொட்டு வைத்திருந்தாள். புதுச் சாமான் எது வந்தாலும் பொட்டு வைப்பது எங்கள் வீட்டு வழக்கம். லொறிக்கு வைப்பாள், தண்ணீர் மோட்டருக்கும் வைப்பாள். போனுக்கு எங்கே வைப்பது என்று தெரியாமல் படம் பிடிக்கிற கண்ணாடியிலேயே வைத்திருந்தாள்.

"பழசு எங்கை?" என்று கேட்டேன்.

"சின்னம்மா வந்தவ, அவவுக்குக் குடுத்திட்டன். வல்வெட்டித்துறை பஸ் போகப்போகுதெண்டு ஓடிட்டா" என்றாள் மகள். சின்னம்மா என்றால் என் மனைவியின் தங்கச்சி. "எல்லாத்தையும் அழிச்சுத் துப்புரவாத்தான் குடுத்தனான்."

"எல்லாத்தையும் எண்டால்?"

"எல்லாத்தையும்தான். பயப்பிடாதேங்கோ. உங்கடை படங்கள், நம்பருகள், மெசேஜ் எல்லாம் இதுக்கை வந்திட்டுது. பாருங்கோவன்."

"லொறி?"

"என்ன லொறி?"

மனைவி வாயைப் பொத்திக்கொண்டாள். பிறகு பொத்த முடியாமல் சொன்னாள்: "அதுதான் பிள்ளை, உன்ரை அப்பா கக்கூசுக்கையும் ஓடுற லொறி."

மகள் என் முகத்தைப் பார்த்தாள். முதலில் சிரித்தவள் பிறகு சிரிப்பை நிறுத்தினாள். என் பக்கத்தில் கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு, பிள்ளைக்குச் சொல்வதுபோல விளங்கப்படுத்தினாள். பழையது அன்ட்ரொயிட், இது ஐபோன். இரண்டுக்கும் வேறு வேறு கடை. "அந்தக் கடையிலை காசு குடுத்து வாங்கின கேம் இதுக்கை வராது அப்பா. திருப்பி வாங்கவேணும்."

"வாங்குவம். அதுக்கென்ன?"

"வாங்கினாலும் முதல்லை இருந்துதான் விளையாடவேண்டி வரும்."

"முதல்லை இருந்தெண்டால்?"

"ஒரு லொறியிலை இருந்து."

சால்வையை எடுத்து மடித்தேன், விரித்தேன், திரும்ப மடித்தேன்.

பூச்சியத்தில் இருந்து வந்தவன் என்று என்னைப் பற்றி நானே நாலு சபையில் சொல்லியிருக்கிறேன். அது பொய் இல்லை. ஆனால் எத்தனை தரம் என்று சபையில் சொல்வதில்லை. கிளீனராகச் சேர்ந்து, ஓட்டுநராகி, சொந்தமாக முதல் லொறி வாங்கியது ஒரு தரம். அந்த லொறியை யுத்த இடப்பெயர்வில் தென்மராட்சிப் பக்கம் டீசல் முடிந்த இடத்தில் ஒரு புளியமரத்துக்குக் கீழே விட்டுவிட்டு, மகளைத் தோளில் தூக்கிக்கொண்டு நடந்தோம். அவளுக்கு அப்போது ஒரு வயதும் ஆகவில்லை. திரும்பி வந்து பார்த்தபோது இரும்புச் சட்டம் மட்டும் நின்றது. பிறகு ஒருவருடைய உழவு இயந்திரத்தைக் கூலிக்கு ஓட்டி இரண்டாம் தரம் தொடங்கினேன். அதுவும் போனது. மூன்றாம் தரத்தில் வந்ததுதான் இப்போது வளவில் நிற்கிற மூன்றும். ஒவ்வொரு தரமும் என்னால் முடிந்தது, ஏனென்றால் நான் அப்படிப்பட்ட ஆள். ஆனால் அந்தக் கதிரையில் இருந்தபோது, இன்னொரு தரம் ஒரு லொறியில் இருந்து தொடங்கு என்றால் எனக்குள் எவரும் எழும்பி வரவில்லை.

"அப்பா, அழுறீங்களோ?"

"சந்தனம் கண்ணிலை பட்டிட்டுது."

மகள் எழும்பிப் போய்த் தண்ணீர் கொண்டுவந்து தந்தாள். பிறகு புதுப் போனை எடுத்து, துணியால் பொட்டைத் துடைத்துவிட்டு, எதையோ தேடித் தட்டிக்கொண்டே இருந்தாள். நல்ல நேரம் போனது. "இஞ்சை இருக்கு. இதுதானே?" என்று காட்டினாள். என் விளையாட்டேதான். அதே மஞ்சள் லொறிப் படம். திறந்ததும் இரண்டு பொத்தான் வந்தது. ஒன்று, புதிதாகத் தொடங்குவதற்கு. மற்றது, ஏற்கெனவே கணக்கு வைத்திருப்பவர்களுக்கு.

"கேமின்ரை கொம்பனியிலை உங்களுக்கெண்டு கணக்கு ஒண்டு திறந்திருந்தால், லொறியெல்லாம் அவையளிட்டைப் பத்திரமா நிக்கும். போன் எதெண்டாலும் பரவாயில்லை" என்றாள் மகள். "திறக்காமல் சும்மா விளையாடியிருந்தால் பழைய போனோடை போச்சு. திறந்தனீங்களோ?"

"எனக்கென்ன தெரியும்? எல்லாம் சந்திக் கடைப் பிள்ளைதான் செய்து தந்தவ."

"அப்ப எழும்புங்கோ."

முழங்கால் வலி அன்றைக்கு எங்கே போனது என்று தெரியவில்லை. மகள் ஆட்டோவைக் கூப்பிட்டு முடிப்பதற்குள் நான் படலையில் நின்றேன். "நானும் வாறன்" என்று மனைவியும் ஏறினாள். எனக்கு ஆறுதல் சொல்லவாம். வேடிக்கை பார்க்கத்தான் வருகிறாள் என்று எனக்குத் தெரியாதா?

சனிக்கிழமை என்றால் அந்தச் சந்தியில் சந்தைச் சனமும் கோயில் சனமும் ஒன்றாகக் கலந்து நிற்கும். கடைக்குள் நாலைந்து பேர். முன்னால் நின்றவர் ஓய்வுபெற்ற வாத்தியார் ஒருவர். ஏதோ காணி உறுதியைப் போட்டோக் கொப்பி எடுக்க வந்திருந்தார். மகள் விஷயத்தைச் சொன்னதும் கடைக்காரப் பிள்ளை வாத்தியாரின் உறுதியை அப்படியே இயந்திரத்துக்குள் விட்டுவிட்டு, மேசைக்குக் கீழே குனிந்து ஒரு தடித்த சீ.ஆர். கொப்பியை எடுத்தாள். அதுதான் எங்கள் பக்கத்துச் சனத்தின் பெட்டகம். போன் வாங்குகிற வயதுபோனவர்கள் எல்லோருக்கும் ஈமெயில் திறப்பதும் பாஸ்வேர்ட் வைப்பதும் அவள்தான். எங்களுக்கு அது நினைவிருக்காது என்று தெரிந்து எல்லாவற்றையும் அதில் எழுதி வைப்பாள். ஒருவருடைய பெயரும் அதில் இராது. மாட்டுக்கார ஐயா, பேக்கரி மாமி, வெத்திலை அண்ணை என்று இருக்கும். களவு போனாலும் ஒருவனுக்கும் விளங்காது என்பது அவள் எண்ணம்.

"லொறி அண்ணை... லொறி அண்ணை..." என்று விரலால் தேடிக்கொண்டு போனாள். "இஞ்சை இருக்கு. ஈமெயிலும் இருக்கு, லொறிக் கேம் பாஸ்வேர்ட்டும் இருக்கு. கணக்குத் திறந்துதான் விட்டிருக்கிறன் அண்ணை. என்னைச் சாமானியமா நினைக்காதேங்கோ."

எனக்குப் போன உயிர் பாதி திரும்பி வந்தது. மகள் இரண்டையும் அடித்தாள். போன் யோசித்தது. பிறகு வேறொரு கேள்வி கேட்டது. புதுப் போனில் இருந்து வருவதால், வருகிற ஆள் நான்தானா என்று பார்க்க என் பிறந்த திகதியைக் கேட்கிறதாம்.

"இதென்ன பெரிய வேலை" என்று நான் அடையாள அட்டையை எடுத்து நீட்டினேன். மகள் அதைப் பார்த்து அடித்தாள். சிவப்பு எழுத்து வந்தது. பிழையாம்.

"இஞ்சேருங்கோ, அது பதிஞ்ச திகதி" என்றாள் மனைவி. "மாமா புகையிலை விக்க ரவுணுக்குப் போன அண்டைக்குத்தானே உங்களைப் பதிஞ்சவர். நீங்கள் பிறந்து மூண்டு மாசத்துக்குப் பிறகு. சாதகத்திலை ஆவணி மாசம் எல்லோ? பிள்ளை, சாதகத்து நாளைப் போடு." அவளுக்கு அந்தத் திகதி மனப்பாடம். பொருத்தம் பார்த்த நாளில் இருந்து வைத்திருக்கிறாள்.

மகள் அதை அடித்தாள். திரும்பவும் சிவப்பு.

"இன்னும் ஒருக்கால்தான் தருமாம்" என்று மகள் மெதுவாக வாசித்தாள். "அதுவும் பிழைச்சால் கணக்கைப் பூட்டிப்போடுமாம்."

போட்டோக் கொப்பி இயந்திரம் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது.

"எனக்கு இரண்டு திகதிதான் இருக்கு" என்றேன்.

கடைக்காரப் பிள்ளை நெற்றியைச் சுருக்கினாள். "அண்ணை, அண்டைக்கு நான் பிறந்த திகதி கேக்க, நீங்கள் வாயாலை சொல்லேல்லை. பேர்சுக்கை இருந்து ஏதோ பழைய மட்டை ஒண்டை எடுத்துத் தந்தனீங்கள். அதைப் பாத்துத்தான் நான் அடிச்சனான்."

உடனே எனக்கு எல்லாம் தெரிந்துவிட்டது. அவள் அன்றைக்குப் பிறந்த திகதி கேட்டது லொறி ஓட்டுகிற விளையாட்டுக்கு. லொறி ஓட்ட வருகிறவனிடம் அப்படிக் கேட்டால் எதைக் காட்ட வேண்டும்? லைசனைத்தான். நாற்பத்தைந்து வருடம் எந்தத் தடையில் மறித்தாலும் நான் அதைத்தான் எடுத்து நீட்டியிருக்கிறேன். கை தன் பாட்டில் அதை எடுத்துக் கொடுத்திருக்கிறது. என் முதல் லைசன், பொலித்தீனில் சுற்றியது, இப்போதும் பேர்சுக்குள் இருந்தது. அதை எடுக்க எனக்கு மனம் வரவில்லை.

ஏன் என்று சொல்ல வேண்டும். எங்கள் வீட்டில் எல்லோருக்கும் தெரிந்த கதை ஒன்று உண்டு. பிள்ளைகள் சோறு தின்னும்போது நான் சொல்லிச் சொல்லி அவர்களுக்குப் பாடமாகிப்போனது. பார வாகன லைசன் எடுக்கப் போனபோது சோதிக்க வந்த அதிகாரி என் பக்கத்தில் இருந்து, 'இருபத்தொரு வயசிலை இப்பிடி ஓட்டுறவனை நான் இன்னும் காணேல்லை' என்று சொல்லிக் கையெழுத்து வைத்தார் என்ற கதை. அவர் சொன்னது உண்மை. அவர் கண்டிருக்கவே முடியாது, எனக்கு அப்போது பதினெட்டுத்தான். இருபத்தொன்று ஆகாமல் லைசன் தர மாட்டார்கள். வீட்டில் அடுப்பெரிய வேண்டும். யாரையோ பிடித்து ஒரு கடிதம் எழுதுவித்து, மூன்று வயதைக் கூட்டி எடுத்த லைசன் அது. மனைவிக்குத் தெரியாது. பிள்ளைகளுக்குத் தெரியாது. களவு பொய் இல்லாமல் வந்தவன் என்று சொல்லிச் சொல்லியே அவர்களை வளர்த்தவன் நான்.

இப்போது கடை நிறையச் சனம், பக்கத்தில் வாத்தியார், முன்னால் மகள். லைசனை எடுத்தால் அந்தக் கதை போகும். எடுக்காவிட்டால் இருபத்துமூன்று லொறியும் போகும். நான் அதிக நேரம் யோசித்தேன் என்று சொன்னால் பொய். பேர்சைத் திறந்து எடுத்துக் கொடுத்தேன்.

மகள் பொலித்தீனைப் பிரித்து வாசித்தாள். திரும்ப வாசித்தாள்.

"அப்பா, இதிலை உங்களுக்கு மூண்டு வயசு கூட."

"ஓம்."

"என்னெண்டு?"

"பதினெட்டு வயசிலை இருபத்தொண்டெண்டு சொல்லி எடுத்தனான். இப்ப என்ன செய்யிறது?"

"பள்ளிக்கூட ரிப்போர்ட்டிலை உங்கடை கையெழுத்தை நான் போட்டதுக்கு எனக்கு விழுந்த அடி ஞாபகம் இருக்கோ?"

"இருக்கு."

"பூவரசந்தடி முறிஞ்சது."

"அதுவும் ஞாபகம் இருக்கு. திகதியை அடி பிள்ளை."

மனைவி கணக்குப் பார்த்துக்கொண்டிருந்தாள். "அப்ப பதிஞ்சவர் ஒருத்தர், சாதகத்திலை ஒருத்தர், லைசனிலை ஒருத்தர். நான் மூண்டு பேரையெல்லோ கட்டியிருக்கிறன்!"

வாத்தியார் திரும்பினார். "அண்ணை, நான் கேக்கிறனெண்டு குறை நினையாதேங்கோ. அறுபதாம் கலியாணம் எந்தத் திகதிக்குச் செய்தனீங்கள்? நான் வந்து சாப்பிட்டனான், அதுதான் கேக்கிறன்."

கடை முழுக்கச் சிரித்தது. ஆட்டோக்காரரும் தலையை உள்ளே நீட்டிச் சிரித்தார். வேறு நாளாக இருந்தால் நான் பதிலுக்கு நாலு சொல்லியிருப்பேன். அன்றைக்கு எனக்கு அந்தச் சிறிய போன் கண்ணாடியைத் தவிர வேறொன்றும் தெரியவில்லை. மகள் ஒவ்வொரு எண்ணாக அடித்தாள். அடித்துவிட்டு என்னைப் பார்த்தாள். நான் தலையை ஆட்டினேன். அழுத்தினாள்.

வட்டம் ஒன்று சுழன்றது. சுழன்றுகொண்டே இருந்தது. பிறகு அது மறைந்து என்னுடைய தரிப்பிடம் வந்தது. மழையில் நனைந்த சீமெந்துத் தரை, அதன் மேல் வரிசையாக என் லொறிகள். நான் கடையின் முக்காலியில் இருந்தேன். இருந்தேன் என்று சொல்வதைவிட விழுந்தேன் என்பதுதான் சரி. விரலை வைத்து ஒவ்வொன்றாக எண்ணினேன். நீலம் ஏழு. வெள்ளை ஒன்பது. பால் ஏற்றுகிற தாங்கி இரண்டு. மரம் ஏற்றுகிறது நாலு. எல்லாம் நின்றன. ஓட்டுநர்கள் சம்பளத்துக்குக் காத்திருந்தார்கள்.

பதினாறு சில்லு வண்டிக்கு மட்டும் மேலே ஒரு பூட்டுப் படம் போட்டிருந்தது. "அது காசு குடுத்து வாங்கினது. அதையும் முழுக் கேமையும் இந்தக் கடையிலை திருப்பி வாங்கத்தான் வேணும்" என்றாள் மகள், நான் சத்தம் போடப்போகிறேன் என்று நினைத்து மெதுவாக.

நான் சத்தம் போடவில்லை. ஒரு கடையில் வாங்கிய ரயருக்கு இன்னொரு கடையில் போய் வாரண்டி கேட்க முடியாது. அது எனக்கு எப்போதோ தெரிந்த விஷயம். காசு கொடுத்தால் வருவது காசு கொடுத்தால் வரட்டும். உழைத்து வந்தது போகவில்லை, அது போதும். "வாங்கு" என்றேன். அப்போதே வாங்கினாள். பூட்டு கழன்றது.

எழும்பப் போனேன். அப்போது கண்ணாடியின் மூலையில் ஏதோ மினுங்கியது. நான் எண்ணிய வெள்ளை லொறிகளில் ஒன்று தரிப்பிடத்தில் இல்லாமல் அதற்கு வெளியே தெருவில் நின்றது. காலையில் கோயிலுக்கு வெளிக்கிடுகிற அவசரத்தில் நான் பாதியில் விட்ட வண்டி. மர லோட்டோடு, லைட் எரிந்தபடி, விட்ட இடத்தில் அப்படியே நின்றது. ஒரு பலகைகூடக் குறையவில்லை. நான் விட்டுவிட்டுப் போன வண்டி ஒன்று போன இடத்தில் முழுதாக நின்றதை என் வாழ்க்கையில் அன்றைக்குத்தான் கண்டேன்.

"எழும்புங்கோ, ஆட்டோ நிக்குது. சோறு ஆறுது" என்றாள் மனைவி.

"பொறு. லோட்டை இறக்கிப்போட்டு வாறன்."

"பாத்தியோ பிள்ளை, தொடங்கிட்டார்."

மகள் இன்னொரு முக்காலியை இழுத்துப்போட்டு என் தோளோடு சாய்ந்து இருந்துகொண்டு பார்த்தாள். புதுப் போன் கைக்குப் புதிது. விரல் வழுக்கியது. இரண்டு வளைவு எடுத்ததும் பிடிபட்டுவிட்டது. கிடங்குக்கு வந்து சேர்ந்தபோது எனக்குப் பின்னால் மூச்சு விடுகிற சத்தம் கேட்டது. கடைக்காரப் பிள்ளை, ஆட்டோக்காரர், உறுதியைச் சுருட்டிக் கக்கத்தில் வைத்தபடி வாத்தியார், எல்லோரும் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள். பின்னுக்கு எடுத்து இரண்டு மதிலுக்கு நடுவே விட வேண்டும். ஒடுக்கமான இடம்.

"வரட்டும்" என்றார் வாத்தியார்.

நான் திருப்பினேன்.

"வரட்டும், வரட்டும். வலப்பக்கம் கொஞ்சம். வரட்டும். அண்ணை, கவனம், மதில்... வரட்டும்... வரட்டும்... ஹோல்ட்!"

மதிலில் ஒரு கீறல் படாமல் உள்ளே விட்டேன்.